‘கிரையிங் லேடி 3’

அந்தக் கோப்பின் பெயரே அதுதான்: ‘கஜா – புதுக்கோட்டை – கிரையிங் லேடி 3’. ஆறு நொடி ஓடும். சாய்ந்து கிடக்கும் தென்னைமரத்தை ஒட்டித் தரையில் உட்கார்ந்து, முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு ஒரு பெண் அழுகிறார். ஐந்தாவது நொடியில் நிமிர்ந்து கேமராவைப் பார்க்கிறார். அந்த ஒரு பார்வைக்காகவே எடிட்டர்கள் அதைத் தேடி எடுப்பார்கள். நானும் எடுத்தேன். பருவநிலை மாற்றம் பற்றிய ஓர் ஆவணப்படத்தில், வேகத்தைப் பாதியாகக் குறைத்து, காற்றுச் சத்தத்தை நீக்கிவிட்டு, அடியில் ஒரு வயலினை ஓடவிட்டேன். ஆறு நொடி பன்னிரண்டு நொடி ஆனது. நன்றாக வந்திருக்கிறது என்று பாராட்டினார்கள்.

படம் ஒளிபரப்பான மறுநாள் ஓர் அழைப்பு வந்தது. கீரமங்கலம் பக்கத்தில் ஒரு கிராமம். மாவட்டச் செய்தியாளர் ஒருவரைப் பிடித்து என் எண்ணை வாங்கியிருக்கிறார். இளம்பெண்ணின் குரல், கோபம் இல்லாத குரல்.

“அண்ணே, தென்னமரத்துகிட்ட ஒக்காந்து அழுவுறாங்கள்ல, அது எங்கம்மா. அவங்க போய்ச் சேந்து ஒரு வருசமாச்சு. நீங்க இன்னும் அவங்கள அழ வச்சுக்கிட்டே இருக்கீங்க.”

எனக்கு வாயில் வந்தது தொழில் பழக்கத்தின் பதில். காட்சி ஒரு சேனலுக்குச் சொந்தமானது, முறைப்படி உரிமை வாங்கித்தான் போட்டோம் என்றேன்.

“அம்மாகிட்ட வாங்குனீங்களா?”

2018 நவம்பர் 16 அதிகாலையில் வேதாரண்யம் பக்கம் கரையேறிய கஜா புயல், பொழுது விடிந்தபோது ஆலங்குடி, வடகாடு, கீரமங்கலம் வட்டாரத்தின் தென்னையையும் பலாவையும் வாழையையும் படுக்கப் போட்டுவிட்டிருந்தது. தென்னை ஒரு வருடத்துப் பயிர் இல்லை. விழுந்தால் மறுபடி காய் பறிக்க ஐந்தாறு வருடமாவது காத்திருக்க வேண்டும். அந்த அம்மாவின் அழுகைக்கு அந்தக் காரணம் இருந்தது, அந்தத் தேதி இருந்தது, அந்தத் தோப்பு இருந்தது. 2020 நவம்பரில் நிவர் புயல் புதுச்சேரி பக்கம் கரையேறியபோது அதே ஆறு நொடி ஓடியது. இழப்பீடு பற்றிய விவாதத்திலும், ஏதோ ஒரு கனமழைச் செய்தியிலும் ஓடியது. யாருடைய அழுகை என்பது போய், அழுகைக்கு ஒரு விஷுவல் என்று ஆகிவிட்டது. அந்தக் கோப்பின் பெயரை இன்னொரு முறை படியுங்கள். ஊர் இருக்கிறது, புயலின் பெயர் இருக்கிறது, வரிசை எண்கூட இருக்கிறது. மனுஷியின் பெயர் எங்கே?

சட்டம் என் பக்கம்தான் நின்றது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் படத்தைத் தயாரித்தவருக்கு உரிமை கொடுக்கிறது. வெளியான பிறகு 60 ஆண்டு அது செல்லும். நடிப்பவருக்கும் பாடுபவருக்கும்கூட அதே சட்டத்தில் தனி உரிமை உண்டு. மரம் விழுந்து அழுகிறவருக்கு? ஒன்றும் இல்லை. நடித்து அழுதால் உரிமை, உண்மையில் அழுதால் இல்லை. இதை ஒரு முறையாவது வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், கூச்சமாக இல்லையா? 2017 ஆகஸ்ட் 24 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் ஒரே குரலில் அந்தரங்கம் அடிப்படை உரிமை என்றார்கள். அந்தத் தீர்ப்பு எடிட்டிங் மேசைவரை வந்து சேரவில்லை.

பாவம் பிடிக்கும், செத்தவர் ஆவி சும்மா விடாது என்று மிரட்ட நான் வரவில்லை. செத்தவருக்கு வலிக்காது. மேலே உட்கார்ந்து நம் கணக்கை எழுதுகிறவர் யாரும் இல்லை. அதனால்தான் நான் செய்ததற்குக் கணக்கை நானே எழுத வேண்டியிருக்கிறது. வலி உயிரோடு இருக்கிற மகளுக்கு. சாப்பிடும்போது திடீரென்று திரையில் தாய் அழுவதைப் பார்க்கிறவர் அவர். பரிகாரம் செய்து கழித்துவிட முடியாத கணக்கு அது.

இங்கே ஒரு பழக்கத்தின் மேல் கை வைத்தாக வேண்டும். கல்லுக்குப் பால் ஊற்றாதே என்று மேடையில் முழங்குகிறவர்களும், நானும் அதில் சேர்த்தி, திரையில் ஓடுவதைக் கண்ணை மூடிக்கொண்டு நம்புகிறோம். “கண்ணாலயே பாத்தேன்” என்கிறோம். எதைப் பார்த்தீர்கள்? பதினொரு நிமிடம் எடுத்ததில் யாரோ வெட்டிக் கொடுத்த ஆறு நொடியை. எடுத்தவர் எந்தப் பக்கம் நின்றார், எதற்கு முதுகு காட்டினார் என்று தெரியாது. முன்னால் என்ன நடந்தது, பின்னால் என்ன நடந்தது என்று தெரியாது. மூலையில் ‘கோப்புக் காட்சி’ என்று எறும்பு அளவு எழுத்து இரண்டு நொடி எட்டிப் பார்த்துவிட்டுப் போகும். சில நேரம் அதுவும் இருக்காது. சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யாமல் ஏற்றுக்கொள்வதற்குப் பெயர் நம்பிக்கை. அறிவு அதற்கு நேர் எதிரான வேலை.

இந்தப் புதுக்கோட்டை மாவட்டத்தில் இப்படிப் பார்ப்பதற்கு இன்னொரு பெயர் உண்டு. வேங்கைவயல்.

2022 டிசம்பர். இறையூர் கிராமத்தை ஒட்டிய தலித் குடியிருப்பில் குழந்தைகள் நோய்ப்பட்டு மருத்துவமனைக்குப் போனார்கள். தண்ணீர் மேல் சந்தேகம் வந்தது. 26ஆம் தேதி 10,000 லிட்டர் மேல்நிலைத் தொட்டியில் ஏறிப் பார்த்தவர்கள் மனித மலம் கிடப்பதைக் கண்டார்கள். மறுநாள் மாவட்ட ஆட்சியரும் காவல் கண்காணிப்பாளரும் வந்தார்கள். விசாரித்தபோது தேநீர்க்கடையின் இரட்டைக் குவளை வெளியே வந்தது. அய்யனார் கோயிலுக்குள் இந்த மக்களை விடுவதில்லை என்பதும் வந்தது. ஆட்சியர் அவர்களை அழைத்துக்கொண்டு கோயிலுக்குள் போனார். சாமி வந்ததாக ஆடிய ஒரு பெண்ணின் வாயிலிருந்து சாதி வசவு வந்தது. கடவுள் வந்து இறங்கினாலும் நம் ஊர்ச் சாதியைத் தெரிந்துகொண்டுதான் இறங்குகிறார் போலும் என்று அன்றைக்கு வேதனையோடு நினைத்தேன்.

அதன்பின் கேமராக்கள் வந்தன, வரத்தான் வேண்டும். ஆனால் அந்த ஊர்க் காட்சிகளாக எடிட்டிங் அறைகளில் இன்று எவை தங்கியிருக்கின்றன? நான் பார்த்த சேகரிப்பில் தொட்டி இருக்கிறது, குடத்தோடு நிற்கிற பெண்கள் இருக்கிறார்கள், குழந்தைகள் இருக்கிறார்கள். நெருக்கத்தில், முகம் தெளிவாக. ஒவ்வொரு டிசம்பரிலும் ‘வேங்கைவயல்: இத்தனை ஆண்டுகள்’ என்று அதே முகங்கள் திரும்பி வருகின்றன. அன்று ஐந்து வயதாக இருந்த பிள்ளை நாளை ஒன்பதாம் வகுப்புக்குப் போகும், பிறகு கல்லூரிக்கும் வேலைக்கும் போகும். போகிற இடமெல்லாம் யாராவது ஒருவர் கைபேசியை நீட்டி, “இது நீதானே?” என்று கேட்கலாம். குற்றம் செய்தவன் முகம் தெரியாமல் இருக்கிறான், குடித்த குழந்தையின் முகம் ஆவணமாகிவிட்டது. இதை நீதி என்று எந்தக் கணக்கில் எழுதுவது? அவமானம் யாரைச் சேர வேண்டுமோ அவரை விட்டுவிட்டு, பட்டவரின் நெற்றியில் அதை ஒட்டுகிற வேலையைச் சாதி செய்து வந்தது. இப்போது கேமராவும் அதற்குக் கைகொடுக்கிறது.

2025 ஜனவரியில் சிபிசிஐடி குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது. அதே குடியிருப்பைச் சேர்ந்த மூன்று இளைஞர்களைக் குற்றம் சாட்டியது. அந்த மக்கள் ஏற்கவில்லை. மத்தியப் புலனாய்வுக்கு மாற்ற வேண்டும் என்று கட்சிகளும் இயக்கங்களும் கேட்டன. யார் செய்தது என்பதை நான் தீர்மானிக்கப் போவதில்லை, அது நீதிமன்றத்தின் வேலை. என் கேள்வி அந்த நாட்களில் கைபேசிக்குக் கைபேசி பறந்த காணொளித் துண்டுகளையும் தொலைபேசி உரையாடல் துண்டுகளையும் பற்றியது. எங்கிருந்து வந்தன, முழுதாக எவ்வளவு நீளம், யார் வெட்டினார்கள் என்று பெரும்பாலோர் கேட்கவில்லை. பார்த்தார்கள், தீர்ப்புச் சொன்னார்கள், அடுத்தவருக்கு அனுப்பினார்கள். நீங்கள் அனுப்பினீர்களா? குற்றப்பத்திரிகையே தீர்ப்பு ஆகாது என்கிறபோது, முன்னும் பின்னும் இல்லாத நாற்பது நொடி எப்படித் தீர்ப்பு ஆகும்?

“அப்படியானால் எதையும் காட்டவே கூடாதா? காட்டாவிட்டால் யாருக்குத் தெரியும்?” என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. நியாயமான கேள்வி. மூடி வைப்பதற்கு வாதாட நான் வரவில்லை. 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காகப் போன ஊர்வலத்தைப் போலீஸ் அடித்து விரட்டியது. தாமிரபரணியில் 17 பேர் செத்தார்கள், அதில் ஒன்று கைக்குழந்தை. தாங்களாகவே ஆற்றில் இறங்கி மூழ்கினார்கள் என்று கதை கட்டப்பட்டபோது, தண்ணீருக்குள் நின்றவர்கள் மேல் தடி இறங்கியதைக் கேமராக்கள் பதிவு செய்திருந்தன. ஆர்.ஆர். சீனிவாசனின் ‘நதியின் மரணம்’ அந்தச் சாவுகளை மறக்க விடவில்லை. 2018 மே மாதம் தூத்துக்குடியில் 13 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். வேன் மேல் ஏறிக் குறிபார்த்த சீருடை அணியாத காவலரின் காட்சி இல்லாதிருந்தால் என்னென்ன சொல்லியிருப்பார்கள்? பழைய காட்சி என்பது எளியவனின் கையில் இருக்கிற ஒரே சாட்சியாகவும் இருக்கும். அதை அழிக்கிறவன் சாட்சியைக் கொல்கிறான்.

ஆனால் அந்தக் காட்சிகள் எதைப் பார்த்தன? தடியையும் துப்பாக்கியையும் அவற்றைப் பிடித்த கையையும். வேங்கைவயலில் அந்தத் தேநீர்க்கடையின் குவளைகளை எத்தனை முறை திரையில் பார்த்தீர்கள்? குடத்தோடு நிற்கும் பெண்ணை எத்தனை முறை? எண்ணிச் சொல்லுங்கள்.

காட்சியே இல்லாத கொடுமையும் இருக்கிறது. 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்து எரித்தபோது அங்கே எந்தக் கேமராவும் இல்லை. பல ஆண்டுகள் கழித்து பாரதி கிருஷ்ணகுமார் ‘ராமய்யாவின் குடிசை’ எடுத்தார். உயிரோடு இருந்தவர்கள் கேமரா முன் உட்கார்ந்து சொன்னார்கள். சொல்லலாம் என்று முடிவு செய்து சொன்னார்கள். திருட்டுத்தனமாக அவர்கள் அழுகையை யாரும் பிடுங்கவில்லை. அந்தப் படத்தின் பலம் குறைந்து போயிற்றா என்ன? முகத்தைக் காட்டுவதா மறைப்பதா என்பதை முடிவு செய்கிற அதிகாரம் முகத்துக்கு உரியவரிடம் இருந்தால், அதே முகம் வேறொரு முகமாகிவிடுகிறது.

“எல்லாரிடமும் போய்க் கேட்டுக்கொண்டிருந்தால் படம் எப்போது முடியும்?” தொழிலில் இருக்கிறவர்களின் சப்பைக்கட்டு இது. இருபது வருடம் நானும் சொன்னதுதான். அவர்களுக்கு நான் பக்கத்து ஊர்க்காரர் ஒருவரைக் காட்டுவேன். புதுக்கோட்டை எல்லையைத் தாண்டினால் காரைக்குடி, அதை ஒட்டி கோட்டையூர். அங்கே பிறந்த ஏ.கே. செட்டியாருக்கு 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகிற கப்பலில் ஓர் எண்ணம் வந்தது: காந்தியைப் பற்றி உலகத்தில் எங்கெங்கே யார் யார் படச்சுருள் எடுத்து வைத்திருக்கிறார்களோ அத்தனையையும் தேடிச் சேர்த்து ஒரே படமாக்க வேண்டும். அவருக்கு அப்போது வயது 26 நிறையவில்லை. கைபேசி கிடையாது, மின்னஞ்சல் கிடையாது. சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்தார். முப்பது ஆண்டு காலத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் எடுத்த 50,000 அடிச் சுருளைச் சேர்த்தார். அதிலிருந்து 12,000 அடிப் படம். 1940 ஆகஸ்ட் 23 அன்று வெளியிட்டார். உலகப் போர் மூண்டு, பிரிட்டிஷ் அரசு காந்தி பெயரைக் கேட்டாலே முறைத்த நேரம் அது.

தேடுவது என்றால் என்ன என்று அவரிடம் படிக்க வேண்டும். காட்சிகள் இருக்கும் இடங்களுக்கு நேரில் போனார், வைத்திருப்பவர்கள் முன் போய் நின்றார், கேட்டு வாங்கினார். நாம் இருந்த இடத்திலிருந்தே ‘புதுக்கோட்டை’ என்று தட்டுகிறோம், வந்ததை இழுத்து ஒட்டுகிறோம். கடல் கடந்து போய்க் கேட்டவருக்கு நேரம் இருந்தது, மாவட்டச் செய்தியாளரை ஒரு போன் போட்டுக் கேட்க நமக்கு நேரம் இல்லை! இவ்வளவு பாடுபட்டவரின் படத்தையே நாம் தொலைத்தோம் என்பது இன்னொரு வெட்கம். பின்னாளில் ஆ. இரா. வேங்கடாசலபதி தேடித் தேடி, அதன் ஆங்கில வடிவத்தை அமெரிக்காவில், சான் பிரான்சிஸ்கோவில் கண்டெடுத்தார்.

‘புதுக்கோட்டை’ என்று தட்டுகிறோம் என்று சொன்னேன் அல்லவா? நான் வேலை பார்த்த ஒரு சேகரிப்பில் வந்தவை: வேங்கைவயல் தொட்டி, வாடிவாசலிலிருந்து பாயும் காளை, கஜாவில் விழுந்த மரம், நெடுவாசல் போராட்டம். வராதது ஒன்று உண்டு. 1990களின் தொடக்கத்தில் இதே மாவட்டத்தில் ஷீலா ராணி சுங்கத் ஆட்சியராக இருந்தபோது அறிவொளி இயக்கம் பெண்களுக்கு எழுத்தோடு சைக்கிளையும் கற்றுக்கொடுத்தது. குவாரியில் கல் உடைத்த பெண்கள், வயல் வேலைக்குப் போன பெண்கள், ஆசிரியைகள், அங்கன்வாடிப் பணியாளர்கள் எல்லாரும் கற்றார்கள். சைக்கிள் விழாக்களில் 70,000 பெண்களுக்கு மேல் பங்கெடுத்தார்கள் என்று பி. சாய்நாத் எழுதினார். 1992 மகளிர் தினத்தன்று 1,500க்கும் மேற்பட்ட பெண்கள் சைக்கிளில் புதுக்கோட்டை நகருக்குள் வந்தார்கள். கேலி பேசிய ஆண்கள் ஓரத்தில் நின்றார்கள். தெருவின் நடுவே போனது பெண்கள்.

அந்தச் சைக்கிள்கள் ஏன் என் திரையில் வரவில்லை? நாடா விலை அதிகம் என்று பழையதன் மேலேயே புதியதைப் பதிவு செய்கிற வழக்கம் உலகமெங்கும் இருந்தது. பிபிசியே தன் பழைய நிகழ்ச்சிகளை அப்படி அழித்திருக்கிறது. தப்பித்த நாடாவைப் பூஞ்சை தின்கிறது. அதையும் தாண்டியதைச் சேர்த்து வைக்கும்போது யாரோ ஒருவர் ‘இது எதற்கு உதவும்?’ என்று கேட்டுத் தள்ளிவிடுகிறார். அழுகைக்கு மறுபடி மறுபடி தேவை வரும். நிமிர்ந்து உட்கார்ந்து மிதித்துப் போகிற பெண்ணுக்கு எந்தச் செய்தியில் தேவை? இப்படித்தான் ஒரு மாவட்டத்தின் முகம் தீர்மானிக்கப்படுகிறது. இருபது வருடம் கழித்து ஒரு பிள்ளை தன் ஊரைத் தேடினால் மலம் கலந்த தொட்டியும் அழும் பாட்டியும்தான் கிடைக்கும் என்றால், அந்தப் பிள்ளையிடம் நாம் பொய் சொல்லியிருக்கிறோம். காட்டியவை அத்தனையும் உண்மையாக இருந்தும் அது பொய்தான்.

என்னால் முடிந்ததை இப்போது செய்கிறேன். தேதியும் ஊரும் காட்சி ஓடும் அத்தனை நேரமும் திரையில் நிற்க வேண்டும், படிக்கிற அளவில். துயரத்தில் இருக்கிற தனி முகம் என்றால் அந்த ஊருக்கு ஒரு போன். குழந்தை முகம் என்றால் கேட்பதற்கே இடமில்லை, மறைத்தே தீர வேண்டும், வீட்டையும் தெருவையும் சேர்த்து. ஒருவர் வேண்டாம் என்றால் அந்தக் காட்சி இல்லாமல் படம் எடுக்கத் தெரிய வேண்டும், அதற்குத்தான் திறமை என்று பெயர். தயாரிப்பாளர்களோடு சண்டை வருகிறது, இரண்டு வேலை கைவிட்டுப் போயிற்று. போகட்டும்.

அந்த மகளை நான் மறுபடி அழைத்தேன். அம்மாவை எடுத்துவிடுகிறேன் என்றேன். சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “அழுவாம இருக்குற படம் ஏதாச்சும் இருந்தா குடுங்கண்ணே. எங்ககிட்ட ரேசன் கார்டு போட்டோதான் இருக்கு” என்றார்.

ஆறு நொடியைக் கொடுத்த சேனலிடம் கெஞ்சி அந்த நாளின் முழுப் பதிவை வாங்கினேன். பதினொரு நிமிடம். அழுகை முதல் நிமிடத்திலேயே முடிந்துவிடுகிறது. அவர் எழுந்து, முந்தானையை உதறி இடுப்பில் செருகுகிறார். கணக்கெடுக்க வந்தவர் தோப்பு ஓரத்தில் நின்றபடியே ஏதோ எழுதுகிறார். முகம் பிரேமுக்கு வெளியே. “அங்க நின்னுக்கிட்டு எழுதாதீங்க, உள்ள வந்து எண்ணுங்க சார்” என்கிறார் அந்த அம்மா. விழுந்த மரங்களின் மேல் ஏறித் தாண்டி முன்னால் போகிறார். ஒவ்வொரு மரத்தையும் உள்ளங்கையால் தட்டுகிறார். காற்றுச் சத்தத்தை மீறி எண்ணிக்கை கேட்கிறது. முப்பத்தாறு. முப்பத்தேழு. கேமராக்காரர் பின்னால் ஓட முடியாமல் தடுமாறுகிறார். அந்த அம்மா திரும்பிப் பார்க்கவே இல்லை. முப்பத்தெட்டு.